வெட்டுப்படாத அரக்கன்

காய்ந்த சோற்றை ஈயத்தாளில் உருட்டினால் ஒரு சத்தம் வரும். தகரக் கூரையில் மழை தொடங்கும்போது முதல் நாலைந்து துளிகள் விழுகிற மாதிரி, மெல்லிசாக, விட்டுவிட்டு வரும் அந்தச் சத்தத்தை என் ஒன்பதாவது வயதில், எங்கள் லயத்து வரிசை வீட்டு அடுப்புக்குப் பின்னால் குந்தியிருந்து, யாரும் பார்க்கிறார்களா என்று திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே ஐந்து நாள் கேட்டேன். அதற்குப் பிறகு யார் வீட்டு வாசலிலாவது சோற்று வற்றல் காய்ந்தால் அந்தப் பக்கமே போகமாட்டேன். கிழவிக்கு என்ன வீம்பு என்று மருமகள் நினைத்துக்கொள்வாள். போன ஆடி மாதம் வரைக்கும் அவளை அப்படியே நினைக்க விட்டிருந்தேன்.

எங்கள் தேயிலைத் தோட்டம் மலாய் நாட்டு மலையில், கம்போங் ராஜாவுக்கும் மேலே, பனி இறங்கினால் எதிர்வீட்டு வாசற்படி கூடத் தெரியாத உயரத்தில் இருந்தது. அங்கே எங்களுக்கென்று ஒரு அரக்கன் இருந்தான். எந்தப் புராணத்தில் தேடினாலும் அவன் கிடைக்கமாட்டான், ஏனென்றால் அவனை உண்டாக்கியதே எங்கள் ஆட்கள்தான். காடு வெட்ட வந்த முதல் கூட்டம் மூன்று மாதம் வெயில் முகத்தையே காணாமல் நடுங்கிக் கிடந்ததாம். இந்த மலைக்குள்ளே ஒருவன் உட்கார்ந்து சூரியனை விழுங்குகிறான் என்று அதில் யாரோ சொல்லிவைக்க, அவனுக்கு இருளாசுரன் என்று பேரும் வைத்து, இந்த மலைகளுக்கெல்லாம் ராஜா என்று பட்டமும் கட்டிவிட்டார்கள். ராஜாதான், ஆனால் தீராத பசிக்காரன். ஒரு பிடி சோறு படைக்க ஆளில்லாத காட்டில் யுகயுகமாகப் பட்டினி கிடந்து, பசி பொறுக்காமல் ஒருநாள் சூரியனையே எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். மாரியம்மன் வந்தாள். வந்தவள் எடுத்த எடுப்பில் வெட்டிவிடவில்லை; முதலில் உட்காரவைத்து வயிறு நிறையச் சோறு போட்டாள், அவன் ஏப்பம் விட்ட பிறகுதான் கவ்வாத்துக் கத்தியை எடுத்து வயிற்றைக் கீறினாள். அம்மன் கையில் சூலம் இருக்க, தேயிலைச் செடியைக் கழிக்கிற கத்தி எதற்கு என்று கேட்டால் பெரியவர்களுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். தேயிலைத் தோட்டத்துக்கு வந்தவள் தேயிலைக் கத்தியைத்தானே எடுப்பாள்.

ஒவ்வொரு ஆடியிலும் அந்த அரக்கன் விழுவதுதான் எங்கள் திருவிழா. மூங்கிலால் கூடு கட்டி, அதன்மேல் லாலாங் புல்லை வேய்ந்து, தேயிலைப் பெட்டிப் பலகையில் தலை செய்து, பெட்டிக்குள் ஒட்டுகிற ஈயத்தாளைக் கத்தரித்துக் கண் வைப்பார்கள். வயிறு ஒரு கோணிச் சாக்கு. அதற்குள் வீட்டுக்கு ஒரு பிடி பச்சரிசி போடவேண்டும், அதுதான் அம்மன் போட்ட சோறு. பூசாரி வயிற்றைக் கீறியதும் அரிசி பொலபொலவென்று பாயில் விழும், விழுகிற சத்தம் கேட்டதும் பெண்கள் குலவையிடுவார்கள், அந்த அரிசியிலேயே ஆற்றங்கரையில் கஞ்சி காய்ச்சித் தோட்டம் முழுக்கக் குடிக்கும். “பகையாளியா இருந்தாலும் பசியோட சாவக் கூடாது, அந்தப் பசி நம்ம வீட்டுக்கு நடந்து வந்துரும்” என்று பெரியவர்கள் சொல்வார்கள்.

அந்தக் கூட்டுக்குள் நின்று அரக்கனை நடத்திக்கொண்டு போகிறவர் என் அப்பா. வேடிக்கை என்னவென்றால், தோட்டத்திலேயே அதட்டிப் பேசத் தெரியாத ஆள் அவர். மருந்தடிக்கிற வேலை; முதுகில் டின்னைச் சுமந்துகொண்டு மேட்டில் ஏறிப்போனால் சாயங்காலம் திரும்பி வரும்வரை நாலு வார்த்தை பேசியிருந்தால் அதிகம். ஆடியில் மட்டும் கூட்டுக்குள் புகுந்துகொண்டு, “ஏய், எனக்குப் பசிக்குதுடா” என்று மலை அதிர உறுமுவார். பிறகு வெட்டுப்பட்டு, மெல்ல மண்டியிட்டுக் குப்புற விழுந்து, சற்று நேரம் கழித்து அடியில் இருந்து தவழ்ந்து வெளியே வருவார். தலையெல்லாம் புல்லாக, வெளிச்சத்துக்குக் கண்ணைச் சிமிட்டிக்கொண்டு, திருட்டுத்தனம் செய்தவர் மாதிரி சிரிப்பார். பள்ளிக்கூடத்தில் என்னை “அரக்கன் மவளே” என்றுதான் கூப்பிடுவார்கள். எனக்கு அதில் பெருமைதான்.

அவசரகாலம் வந்தது. எங்கள் ஆட்கள் அதைக் “கர்பியூ காலம்” என்பார்கள். காட்டுக்குள் இருந்து வெள்ளைக்காரனோடு சண்டை போட்டவர்களுக்கு யாரும் சோறு கொடுத்துவிடக்கூடாது என்று, சிதறிக் கிடந்த லயங்களை எல்லாம் ஒரே இடத்தில் சேர்த்து முள்கம்பி வேலி போட்டார்கள். நாங்கள் உள்ளே வந்துவிட்டோம், அம்மன் கோயில் வெளியே நின்றுவிட்டது. அப்புறம் வீட்டில் அரிசி வைத்துக்கொள்ளக் கூடாது என்றார்கள். வேலிக்குள்ளேயே பெரிய கொட்டகை போட்டு மொத்தமாகச் சோறாக்கி, தலைக்கு இவ்வளவு என்று அளந்து போட்டார்கள். அரிசி என்றால் ஒளித்துக் கொடுக்கலாம், மாதக்கணக்கில் இருக்கும். சோறு மறுநாளே ஊசிப்போகும், கடத்தினாலும் பிரயோசனமில்லை என்பது அவர்கள் கணக்கு. காலையில் வேலைக்குப் போகிறவர்களை வேலி வாசலில் “மாத்தா” நிறுத்தித் தடவிப் பார்ப்பான். போலீஸ்காரனுக்கு அங்கே அதுதான் பேர். மதியத்துக்கு ஒரு கவளம்கூடக் கொண்டுபோக முடியாது. கொழுந்து பறிக்கிற பெண்கள் வெறும் வயிற்றோடு மேட்டில் மயங்கி விழுந்தார்கள். அதற்கு என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. செய்வதற்கும் ஒன்றும் இல்லை.

அந்த வருஷம் ஆடி நெருங்கியபோது பெரிய கங்காணி பங்களாவுக்குப் போய்க் கைகட்டி நின்று, பகல் இரண்டு மணியிலிருந்து நாலு மணி வரை கோயிலுக்குப் போய்வர துரையிடம் அனுமதி வாங்கிவந்தார். அரக்கனை வேலிக்குள்ளே கட்டி வாசல் வழியாக எடுத்துப் போகலாம், ஆனால் அரிசி என்ற பேச்சே கூடாது. எங்கள் வீட்டு வாசலில் நின்றுதான் அப்பாவிடம் சொன்னார். “வயித்துக்குப் புல்லு போதும்லா. அம்மனுக்குத் தெரியாதா நம்ம நெலம.” அப்பா தலையை ஆட்டினார், ஆனால் முகம் சரியில்லை. அன்றைக்குச் சோற்றில் கைவைத்தவர் வெகுநேரம் பிசைந்துகொண்டே இருந்தார்.

எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. அரக்கன் பசியோடு செத்தால் அந்தப் பசி வீட்டுக்கு நடந்து வரும் என்றால், அவன் வயிற்றுக்குள்ளேயே நிற்கிற அப்பாவை விட்டுவிட்டா வரும்? இதை யாரிடமும் கேட்கவில்லை. கேட்டால் போடி என்பார்கள். எனக்கு அளந்து போட்ட சோற்றில் வேளைக்கு ஒரு பிடி ஒளித்தேன். ஊசிப்போகுமே என்பதற்கும் வழி தெரிந்துதான் இருந்தது; மிஞ்சிய சோற்றை அம்மா வற்றலாகக் காயவைப்பதைப் பார்த்து வளர்ந்தவள்தானே. வெயிலுக்கு வழியில்லாத ஊர், அதனால் அடுப்புக்குப் பின்னால் ஈயத்தாளை விரித்து அதில் பரப்பினேன். ஐந்து நாளில் சோறு மறுபடியும் அரிசியாகிவிட்டது. பழைய பாவாடைத் துணியில் முடிந்து, திருவிழா அன்று காலையில் கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்கிற ஆயாக் கொட்டகைக்குப் பின்னால் படுத்திருந்த அரக்கனின் வயிற்றில், புல்லுக்கு நடுவில் திணித்துவிட்டு ஓடிவந்தேன். அம்மனே செய்யச்சொன்னதைச் செய்துவிட்டதாக அப்படி ஒரு நிம்மதி.

மத்தியானம் அப்பா கூட்டுக்குள் புகுவதற்கு முன்னால் வயிற்றுச் சாக்கின் கயிற்றை இறுக்கக் கையை உள்ளே விட்டார். கை அங்கேயே நின்றது. நிமிர்ந்து, கூட்டத்தில் என்னைத் தேடிப் பார்த்தார். நான் சிரித்தேன். அவர் கையை வெளியே எடுத்து, கயிற்றை இரண்டு முடிச்சாகப் போட்டார்.

வாசலில் வழக்கமான மலாய்க்கார மாத்தாவோடு புதிதாக வந்த ஒரு வெள்ளைக்கார அதிகாரியும் நின்றான். இளவயசு, வெயிலே இல்லாத ஊரிலும் சிவந்துபோன முகம். காய்கறி லோரிகளைச் சோதிக்கிற கம்பி ஒன்று அங்கே உண்டு, ஆள் உயரத்துக்கு, முனை கூராக. கோலா தெர்லா பக்கத்திலிருந்து வருகிற முட்டைக்கோஸ் மூட்டைகளில் அதைக் குத்திக் குத்திப் பார்ப்பார்கள். அதிகாரி அரக்கனைக் காட்டி ஏதோ சொன்னான். மலாய்க்காரர் தயங்கினார், உள்ளே ஆள் இருக்கிறது என்றார். அப்படியானால் மெதுவாகக் குத்து என்று உத்தரவு. அவர் கம்பியை வயிற்றில் வைத்து மெதுவாகத்தான் அழுத்தினார். சாக்கும் உள்ளே இருந்த துணி முடிச்சும் கிழிந்தன. அப்பாவின் காலடியில் என் அரிசி பொலபொலவென்று விழுந்தது.

முன்னால் நின்றவர்கள் இரண்டடி பின்வாங்கினார்கள். ஆனால் பின்னால் நின்ற பெண்களுக்கு வாசலில் நடப்பது தெரியவில்லை. அவர்களுக்கு அரக்கனின் தலை தெரிந்தது, வயிற்றிலிருந்து அரிசி விழுகிற சத்தம் கேட்டது. அந்தச் சத்தம் கேட்டால் என்ன செய்யவேண்டுமோ அதைச் செய்தார்கள். குலவையிட்டார்கள். நாற்பது ஐம்பது பெண்கள் ஒரே குரலாக இட்ட குலவை மலையில் மோதித் திரும்பி வந்தது. தன்னைக் கேலி செய்கிறார்கள் என்று அதிகாரி நினைத்துவிட்டான். அவன் முகம் போன போக்கு எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

குனிந்து ஒரு பிடி அள்ளி உள்ளங்கையில் தேய்த்துப் பார்த்தான். ஊறவைத்தால் சோறாகிவிடும், மாதக்கணக்கில் கெடாது. தங்கள் சட்டத்தைத் தோற்கடிக்க யாரோ கெட்டிக்காரன் செய்த தந்திரம் என்றுதான் அவனுக்குத் தோன்றியிருக்கும். கெட்டிக்காரன் ஒன்பது வயதில் அம்மாவின் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றதை அவன் பார்க்கவில்லை. ஆபீசில் கணக்கெழுதுகிற கிராணியை மொழிபெயர்க்கக் கூப்பிட்டார்கள். யார் வைத்தது என்று கிராணி கேட்டார்.

“நாந்தாங்க வெச்சேன்” என்றார் அப்பா, கூட்டுக்குள் இருந்தபடியே.

யாருக்காக என்று அடுத்த கேள்வி.

“பசிச்சவனுக்குங்க. பசியோட வெட்டக் கூடாதுங்க.”

கிராணி அதை எப்படி இங்கிலீசில் சொன்னாரோ தெரியாது. கைக்குட்டையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டே, அரக்கனையும் கோயிலையும் மாறிமாறிக் காட்டி நெடுநேரம் சொன்னார். அதிகாரி காட்டைப் பார்த்தான். பசித்தவன் என்றால் அவனுக்கு அங்கே இருப்பவன்தான்.

நான்தான் வைத்தேன் என்று சொல்ல வாயெடுத்தேன். சத்தியமாகச் சொல்ல வாயெடுத்தேன். அம்மா என் முகத்தைத் தன் வயிற்றோடு சேர்த்து அழுத்திக்கொண்டாள், மூச்சு முட்டுகிற அளவுக்கு. அவள் இடுப்பில் கைக்குழந்தையாக என் தம்பி இருந்தான். பிள்ளை பேர் வந்தால் பெற்றவளையும் ஏற்றிக்கொண்டு போவார்கள் என்று அவளுக்குத் தெரியும். நான் திமிறினேனா, அல்லது அவள் அழுத்தியதையே சாக்காக வைத்துச் சும்மா இருந்துவிட்டேனா என்பது எழுபது வயதைத் தாண்டியும் எனக்கு விளங்கவில்லை.

அப்பா தவழ்ந்து வெளியே வந்தார். தலையில் புல் இருந்தது. யாரும் சிரிக்கவில்லை. லோரியில் ஏறுவதற்கு முன்னால் அரக்கனைத் திரும்பிப் பார்த்து, பெரிய கங்காணியிடம், ஒரு வேலையைப் பாதியில் விட்டுப் போகிறவர் சொல்வதுபோலச் சொன்னார். “அவன நிக்க வெச்சிட்டுப் போறேங்க. வந்து முடிச்சுக் குடுத்துர்றேன்.”

லோரி தாப்பா பக்கம் இறங்கிப் போனது. அரக்கன் வாசலுக்குப் பக்கத்தில் வேலியில் சாய்ந்தபடி நின்றான். சாட்சிப் பொருள், யாரும் தொடக்கூடாது என்று அதிகாரி சொல்லிவிட்டான். பத்து நாளில் அவனும் மாற்றலாகிப் போய்விட்டான், உத்தரவை நீக்க ஆளில்லை. எங்கள் ஆட்களும் தொடவில்லை. வெட்டுப்படாத அரக்கனைத் தொட்டால் குடும்பத்துக்கு ஆகாது. போகிறவர் வருகிறவர் எல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார்கள். குழந்தைக்குக் காய்ச்சல் என்றாலும் அவன்தான் காரணம், அந்த மாதம் கொழுந்து குறைந்தாலும் அவன்தான் காரணம். சீக்கிரம் இற்று விழுந்து தொலைய மாட்டானா என்று தோட்டமே வேண்டிக்கொண்டது.

நான் ஒருத்தி மட்டும் அவன் விழக்கூடாது என்று வேண்டிக்கொண்டேன். வந்து முடித்துக் கொடுக்கிறேன் என்று அப்பா சொல்லியிருக்கிறார். அவன் நின்றால்தானே முடிக்க முடியும்? பள்ளிக்கூடம் விட்டு வரும்போது லாலாங் புல்லைப் பிடுங்கி வந்து அவனுக்குச் சொருகுவேன். வயிற்றுக் கிழிசலைத் தேயிலைக் குச்சியால் குத்தி மூடினேன். கம்பியால் குத்திய அந்த மலாய்க்காரர் முதலில் விரட்டினார். பிறகு விரட்டவில்லை. ஒருநாள் சாய்ந்த தலையை எனக்கு எட்டாத உயரத்தில் தானே கம்பியால் கட்டிக்கொடுத்துவிட்டு, “காசியான்” என்று முணுமுணுத்தார். பாவம் என்றுதான் அர்த்தம். அரக்கனைச் சொன்னாரா, என்னைச் சொன்னாரா, தன்னையே சொல்லிக்கொண்டாரா என்று எனக்குத் தெரியாது.

ஐப்பசி மழை பிடித்தது. நாலு நாள் விடாமல் அடித்தது. ஐந்தாம் நாள் காலையில் புத்தகத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போனபோது அவன் விழுந்து கிடந்தான். அம்மன் வரவில்லை, கத்தி வரவில்லை, ஒரு குலவை இல்லை. மலைக்கெல்லாம் ராஜா, சேற்றில் முகம் புதைந்து கிடந்தான். ஈயத்தாள் கண் ஒன்று மட்டும் ஓடைத் தண்ணீரில் மிதந்து போனது. நான் அங்கேயே உட்கார்ந்து, அப்பா செத்துப்போனது போல அழுதேன். யார் தூக்கியும் எழுந்திருக்கவில்லை.

அப்பா அப்போது சாகவில்லை. கப்பலில் ஏற்றி இந்தியாவுக்கு அனுப்பிவிட்டார்கள் என்று மார்கழியில் கடிதம் வந்தது. நாலு வயதில் விட்டுவந்த ஊர், யாரையும் தெரியாது, வெயில்தான் அதிகமாக இருக்கிறது என்று எழுதியிருந்தார். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாததால் நான்தான் வாசித்தேன். கடைசியில் எனக்கென்று ஒரு வரி இருந்தது. “தாயி, அரக்கன் என்ன ஆனான்?” அரிசியைப் பற்றி ஒரு எழுத்து இல்லை.

அம்மா சொல்லச் சொல்லப் பதில் எழுதிவிட்டு, அவள் சொல்லாத ஒன்றை அடியில் நானாகச் சேர்த்தேன். பூசாரி தாத்தா முறைப்படி வெட்டினார், அரிசி விழுந்தது, எல்லாரும் கஞ்சி குடித்தோம் அப்பா என்று எழுதினேன். “நல்லது தாயி, இப்பத்தான் மனசு ஆறுச்சு” என்று பதில் வந்தது. நாங்கள் அங்கே போக அம்மா எழுதிப்போட்ட மனுக்களுக்கு எந்தப் பதிலும் வரவில்லை, அவர் இங்கே வர வழியே இல்லை. நாலைந்து வருஷம் கடிதம் வந்தது. பிறகு வேறொருவர் கையெழுத்தில் ஒன்று வந்தது, அதோடு சரி.

அன்றைக்கு முடிச்சில் கை பட்டபோதே அவருக்குத் தெரியும். ஏன் எடுத்து எறியவில்லை? சுற்றி அத்தனை பேர் நிற்க, வெளியே எடுத்தால் மாட்டிக்கொள்வோம் என்றா? அல்லது என்னைப் போலவே அவரும் நம்பினாரா? நான் சிரித்த சிரிப்பைக் கெடுக்க மனம் வரவில்லையா? எத்தனையோ கடிதம் எழுதினேன், இதை மட்டும் கேட்கத் துணியவில்லை.

இப்போது முள்கம்பியும் இல்லை, லயமும் இல்லை. வங்காளதேசத்துப் பையன்கள் மெஷினால் கொழுந்து வெட்டுகிறார்கள். வேலி வாசல் இருந்த இடத்தில் ஸ்ட்ராபெரி விற்கிற கடை. கோயிலுக்குக் கோபுரம் வந்துவிட்டது. அரக்கனை விட்டுப் பல வருஷம் ஆயிற்று. போன ஆடியில் இளவட்டங்கள் மறுபடியும் செய்யப்போகிறார்கள் என்று மகன் சொன்னான். அன்றிலிருந்து ஐந்து நாள் என் சோற்றில் ஒவ்வொரு பிடி எடுத்துக் காயவைத்தேன். மருமகள் அடுப்பறையில் வைத்திருக்கிற வெள்ளித்தாளில் உருட்டிப் பார்த்தேன், கிட்டத்தட்ட அதே சத்தம்தான். துணியில் முடிந்து கைப்பையில் போட்டுக்கொண்டு போனேன். ஸ்ட்ராபெரிக் கடை வந்ததும் கால் தானாக நின்றுவிட்டது. சோதனைக்குக் காட்டுகிற மாதிரி பையைத் திறந்து பிடித்தபடி நின்றிருக்கிறேன். கடைக்காரப் பெண் எட்டிப் பார்த்து, ஆன்ட்டிக்கு என்ன வேணும் என்றாள்.

ஈப்போவில் செய்து வாங்கிய அரக்கன். பஞ்சு உடம்பு, அடியில் சக்கரம், வயிற்றில் கலர்க் காகிதம். பையன்களிடம் கேட்டுக்கொண்டு என் முடிச்சை அவிழ்த்து அரிசியையும் உள்ளே போட்டேன். கீறினார்கள். காகிதம் பறந்தது, அதன் நடுவே அரிசி விழுந்தது. யாரும் குலவையிடவில்லை, அவர்களுக்குத் தெரியாது. நான் இடலாம் என்று வாயைத் திறந்தேன், வரவில்லை. அரக்கனைக் கீழே தள்ளவும் இல்லை, அடுத்த வருஷத்துக்கு வேண்டுமாம். வயிற்றை ஜிப்பால் மூடி, நின்றபடியே கொட்டகைக்கு உருட்டிக்கொண்டு போனார்கள். வீட்டுக்குப் போகலாம் என்று மகன் இரண்டு தடவை கூப்பிட்டான். கொஞ்சம் இரு என்று சொல்லிவிட்டு அரக்கனின் காலடியையே பார்த்துக்கொண்டு நின்றேன். கொட்டகைக் கதவைச் சாத்தும்வரை நின்றேன். அரக்கனுக்கு அடியிலிருந்து யாரும் தவழ்ந்து வெளியே வரவில்லை.